மாமா வீட்டுக் கேப்டன்

எங்கள் குடியிருப்பின் வாட்ச்மேன் ஒருநாள் என்னை நிறுத்திக் கேட்டார். "ஏம்மா, ரெண்டாவது மாடி சாமி வீட்டு கேப்டன் எப்பம்மா ஊருக்கு வர்றாரு? வந்தா வண்டி விட இடம் கேப்பாருல்ல?"

குழந்தையை இடுப்பில் மாற்றி வைத்துக்கொண்டு, "அவரு வர மாட்டாருங்கண்ணே. செத்து இருநூறு வருஷம் ஆயிருச்சு" என்றேன்.

அவர் என்னைச் சந்தேகமாகப் பார்த்தார். "நேத்துதானேம்மா சொன்னாரு, கேப்டனுக்கு முட்டிவலி, ஏணி ஏற முடியலேன்னு?"

அவரைக் குறை சொல்ல முடியாது. இரண்டாவது மாடியில் தனியாக இருந்த அந்தப் பெரியவரை நான் மாமா என்றுதான் கூப்பிடுவேன்; அவர் பேசுகிற விதம் அப்படி. பாய்மரக் கப்பல்கள் ஓடிய காலத்தில் பிரிட்டிஷ் கடற்படையில் இருந்த ஒரு அதிகாரியைப் பற்றி, பெங்களூரில் இருக்கும் தம்பியைப் பற்றிப் பேசுவதுபோலப் பேசுவார். அந்த அதிகாரி பெரிய சண்டை எதிலும் ஜெயித்தவர் இல்லை. பழைய அதிகாரிகளின் வாழ்க்கைக் குறிப்புகளைச் சேர்த்த ஒரு தடித்த ஆங்கிலப் புத்தகத்தில் அவருக்கு இரண்டு பக்கம் ஒதுக்கியிருந்தார்களாம். மாமா அதைக் கம்ப்யூட்டரில் கண்டுபிடித்து, பிறகு தேடித் தேடி மேலும் கொஞ்சம் சேர்த்திருந்தார். அவர் பெயரை மட்டும் சொன்னதே இல்லை. நான் கேட்டபோது, "கேப்டன்னா போறாதா? நம்மாத்துல வேற கேப்டன் இருக்காரா என்ன?" என்றார்.

ரயில்வேயில் கணக்குப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர் மாமா. எனக்குத் தெரிந்து கப்பல் எதிலும் கால் வைத்ததில்லை.

நாங்கள் அப்போது ஸ்ரீரங்கத்தில், அம்மாமண்டபத்துக்குப் போகும் சாலையிலிருந்து பிரியும் ஒரு சந்தில் வாடகைக்கு இருந்தோம். நாங்கள் என்றால் நானும் ஒன்றரை வயது மகளும்தான். என் கணவர் எண்ணெய்க் கப்பலில் இன்ஜினியர். போனால் ஏழெட்டு மாதம். மாமனார், மாமியார் தொட்டியத்தில் வாழைத் தோட்டத்தை விட்டு நகர முடியாதவர்கள். குழந்தை பிறந்ததும் நான் கல்லூரி வேலையை விட்டுவிட்டேன். அது சரியா என்று தினமும் ஒருமுறையாவது யோசிப்பேன். குழந்தைக்குக் கஞ்சி கெட்டியாகிவிட்டதா, ஃபேனைக் குறைத்திருக்க வேண்டுமா என்று யோசிப்பதன் நடுவே அதுவும் வரும்.

குடிவந்த முதல் வாரமே எதிர்வீட்டு அம்மா குரலைத் தாழ்த்தி எனக்கு எல்லாவற்றையும் சொல்லிவிட்டார். மாமாவுக்கு ஒரே மகன். சரக்குக் கப்பலில் அதிகாரி. கல்யாணமாகி ஒரு வருஷம்கூட முழுதாக ஆகவில்லை. ஒருநாள் காலையில் அவன் தன் முறை வேலைக்கு வரவில்லை. கப்பல் முழுவதும் தேடினார்கள். வந்த வழியே கப்பலைத் திருப்பிக் கடலிலும் தேடினார்கள். ஒன்றும் கிடைக்கவில்லை. தவறி விழுந்தானா, வேறு ஏதாவதா, யாருக்கும் தெரியாது. மாமி அதற்கு முன்பே காலமாகிவிட்டதால் இந்தச் செய்தியைக் கேட்காமல் தப்பினார்.

"இன்னும் அந்தப் பையனுக்கு ஒரு காரியமும் பண்ணல" என்றார் எதிர்வீட்டு அம்மா. "அந்தப் பொண்ணு தாலியோட நிக்குது. இவரு என்னடான்னா வெள்ளைக்காரன் கதை பேசிட்டிருக்காரு."

இதை நான் என் மாமியாரிடம் ஃபோனில் உளறியிருக்கக் கூடாது. "ஏம்மா, கடல்ல புள்ளையத் தொலைச்ச வீட்டுக்கு நீ போலாமா? உன் புருஷனும் கடல்லதானே கெடக்குறான்? பாப்பாவத் தூக்கிட்டு அந்தப் பக்கம் போயிராத" என்றார். சரி என்றேன். அந்தச் 'சரி'யோடு ஒரு வாரம் மாமாவைப் படிக்கட்டில் பார்த்தால் தலையைக் குனிந்துகொண்டு இறங்கினேன்.

அவர்தான் முதலில் பேசினார். "உன் ஆத்துக்காரர் கப்பல்ல என்ன போஸ்டுல இருக்கார்?"

"செகண்ட் இன்ஜினியர், மாமா."

"ஓ, இன்ஜின் இருக்கிற கப்பலா?" என்றார், ஏதோ ஒரு சலுகையைப் பற்றிக் கேள்விப்பட்டவர்போல. "நம்ம கேப்டனுக்கு அதெல்லாம் கிடையாது. காத்து அடிச்சா உண்டு. அடிக்கலேன்னா நடுக்கடல்ல உக்காந்துண்டு இருக்கணும், ராக்ஃபோர்ட் எக்ஸ்பிரஸ் அவுட்டர்ல நிக்கற மாதிரி."

அப்படித்தான் ஆரம்பித்தது.

கேப்டனின் கதையை அவர் ஒழுங்காகச் சொன்னதே இல்லை. வெண்டைக்காய் நறுக்கும்போது ஒரு துண்டு, மின்வெட்டு வந்தால் ஒரு துண்டு. கேப்டன் பதினொரு வயதில் கப்பலில் ஏற்றிவிடப்பட்டவர் என்பதைப் பால் பாக்கெட் வாங்கப் போகும்போது சொன்னார்.

"பதினொரு வயசா? அவங்கம்மா எப்படி மாமா விட்டாங்க?"

"விடறதாவது? சிபாரிசு பிடிச்சு ஏத்திவிட்டா. தெரிஞ்ச கேப்டன் ஒருத்தரோட கப்பல்ல எடுபிடியா சேர்த்துவிடுவா. அங்கேயே கணக்கு, அங்கேயே சாப்பாடு, அங்கேயே அடி. அதான் ஸ்கூல்."

அன்று முழுவதும் என் மகளைத் தரையில் விடாமல் தூக்கிக்கொண்டே திரிந்தேன்.

ஆறு வருஷம் கடலில் கழித்த பிறகு லெஃப்டினென்ட் ஆவதற்கு ஒரு தேர்வு உண்டாம். மூன்று கேப்டன்கள் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து வாய்மொழியாகக் கேள்வி கேட்பார்கள். அதில் ஒரு கேள்வி மாமாவுக்கு மிகவும் பிடிக்கும். அகப்பட்டவர்களிடம் எல்லாம் கேட்பார். குழாய் ரிப்பேருக்கு வந்தவரை ஒருநாள் வாசலில் நிறுத்திவிட்டார்.

"கரை பக்கத்துல இருக்கு. பாறை தெரியறது. காத்து திடீர்னு உன்னைக் கரைப் பக்கமே தள்றது. முன் பாய்மரம் ஒடைஞ்சு போச்சு. என்ன பண்ணுவே?"

அவர் கையில் ஸ்பேனரோடு கொஞ்சம் யோசித்தார். "குதிச்சு நீந்திருவேன் சாமி."

"ஃபெயில்" என்றார் மாமா. "ஆறு மாசம் கழிச்சு வா."

"சாமி, மொதல்ல பைப்ப மாத்திடவா?"

மாமா சிரித்தால் சத்தம் வராது. தோள் மட்டும் குலுங்கும். கேப்டன் என்ன பதில் சொல்லிப் பாஸ் ஆனார் என்று நான் கேட்டேன். நங்கூரம், கயிறு, பின்பக்கப் பாய் என்று ஏதோ விளக்கினார். எனக்குப் புரியவில்லை. ஆனால் பாஸான பிறகும் கேப்டனுக்கு உடனே வேலை கிடைக்கவில்லை, மேலே ஒருவர் போனால்தான் கீழே ஒருவர் ஏற முடியும் என்றது புரிந்தது. "ரயில்வேலயும் அப்படித்தான்" என்றார்.

எனக்கு நெருக்கமாகப் பட்டது கேப்டனின் 'அரைச் சம்பள' வருஷங்கள். கப்பல் கிடைக்காத அதிகாரியை வேலையை விட்டு எடுப்பதில்லை. பாதிச் சம்பளம் கொடுத்து வீட்டில் உட்காரவைத்துவிடுவார்கள். கூப்பிட்டால் போக வேண்டும். கூப்பிடுவார்களா என்று தெரியாது. கேப்டன் தன் நல்ல கோட்டைப் போட்டுக்கொண்டு லண்டனில் இருந்த தலைமை அலுவலகத்துக்குப் போவாராம். அங்கே ஒரு காத்திருக்கும் அறை. அவரைப் போலவே நல்ல கோட்டு போட்ட பலர். சாயங்காலம் வரை உட்கார்ந்துவிட்டுத் திரும்பி வருவார்.

"யாரும் போன்னு சொல்ல மாட்டா. வான்னும் சொல்ல மாட்டா" என்ற மாமா, என்னைப் பார்த்துவிட்டு, "நீயும் இப்போ அரைச் சம்பளந்தான். காலேஜ்லேர்ந்து கூப்பிடுவா, பாரு" என்றார்.

என் வேலையைப் பற்றி அப்படி நம்பிக்கையாக வேறு யாரும் சொன்னதில்லை. அன்றுதான் அவரை எனக்குப் பிடித்துப்போயிற்று என்று நினைக்கிறேன். மாமியார் சொன்னது நினைவுக்கு வந்தது. ஆனாலும் அடுத்த நாளும் போனேன்.

சாயங்காலங்களில் மாமா மொட்டை மாடியில் நடப்பார். ஆற்றுப் பக்கத்துச் சுவரை ஒட்டி மட்டும், இந்த முனையிலிருந்து அந்த முனைக்கு. கப்பலின் மேல்தளத்தில் காற்று வரும் பக்கம் கேப்டனுக்கு மட்டுமே உரியதாம். அவர் மேலே வந்தால் மற்ற அதிகாரிகள் எதிர்ப்பக்கம் ஒதுங்கிவிடுவார்கள். அவராகப் பேசினால் ஒழிய யாரும் அவரிடம் பேசக் கூடாது. தன் அறையில் தனியாகத்தான் சாப்பிடுவார். முந்நூறு பேர் நெருக்கியடித்துக் கிடக்கிற கப்பலில் பேச ஆளில்லாத ஒரே ஆள் கேப்டன்தான்.

எங்கள் மாடியிலும் அந்தப் பக்கம் மாமாவுக்குத்தான். மரியாதையால் என்று சொல்ல ஆசை. உண்மையில், அவர் வரும் நேரத்துக்குப் பெண்கள் துணிகளை எடுத்துக்கொண்டு கீழே போய்விடுவார்கள். கர்ப்பிணிப் பெண் ஒருத்தி அவரைக் கண்டதும் வந்த வழியே திரும்பியதை நானே பார்த்தேன். அவரும் பார்த்தார். ஆற்றுப் பாலத்தில் விளக்குகள் எரியத் தொடங்கும் வரை அந்த முனைக்கும் இந்த முனைக்குமாக நடந்துகொண்டிருந்தார்.

அமாவாசைதோறும் அம்மாமண்டபத்துக்குப் போய்த் தன் முன்னோர்களுக்குத் தர்ப்பணம் பண்ணிவிட்டு ஈர வேட்டியோடு வருவார். ஒருநாள் படியில் என்னைப் பார்த்ததும் ரகசியம்போலச் சொன்னார். "எல்லாம் முடிஞ்சதும் கடைசில ஒரு கை எள்ளும் ஜலமும் விடறதுண்டு. யாருமே இல்லாதவாளுக்கு. அம்மா, அப்பா, சொந்தம், சிநேகிதம் எதுவும் இல்லாம போனவாளுக்கு. அதை நான் நம்ம கேப்டனுக்குன்னு நினைச்சுண்டு விட்டுடறது. மந்திரம் சொல்ற வாத்தியாருக்குத் தெரியாது."

எனக்குச் சிரிப்பு வந்தது. பிறகு வீட்டுக்குள் போய்க் குழந்தைக்குத் தலை துவட்டும்போதுதான் ஒரு கேள்வி வந்தது. யாருமில்லாதவர்களுக்கான அந்தக் கைத் தண்ணீரை, முகம்கூடத் தெரியாத ஒருவருக்கு எதற்காக எடுத்து ஒதுக்கி வைக்கிறார்? வேறு யாருக்காவது அது போய்ச் சேர்ந்துவிடக் கூடாது என்றா? நான்தான் எதையாவது கற்பனை செய்கிறேனோ என்று விட்டுவிட்டேன்.

மருமகள் ஞாயிற்றுக்கிழமைகளில் வருவாள். மன்னார்புரத்தில் தன் அப்பா அம்மாவோடு இருந்துகொண்டு ஒரு பள்ளியில் டீச்சர் வேலை பார்த்தாள். என் வயதுதான். இரண்டு பஸ் மாறி வந்து, அவருக்கு இரண்டு நாளைக்குக் குழம்பு வைத்து, துணி மடித்து, சாயங்காலம் போய்விடுவாள். அவரை 'அப்பா' என்றுதான் கூப்பிடுவாள்.

அவர்கள் இருவரும் பேசிக்கொள்வதைக் கவனித்தபோதுதான் மாமாவின் ஒரு பழக்கம் எனக்குப் பிடிபட்டது. அவள் அலமாரியில் ஏதாவது தேடுவாள். "இந்தச் சட்டை அவர் கல்யாணத்தப்போ..." என்று ஆரம்பிப்பாள். உடனே மாமா, "கேப்டனுக்குக் கோட்டு தைச்சது ஒரு கதை, தெரியுமோ?" என்பார். "அவர் சொல்வார்ப்பா, மழைக்காலத்துல..." என்பாள். "மழைக்காலம்னதும் ஞாபகம் வரது. ஐப்பசிக்கு முன்னாடி நம்ம கரையை விட்டுக் கிளம்பிடணும்னு கேப்டனுக்கு உத்தரவு. மெட்ராஸ்ல அப்போ துறைமுகமே கிடையாது. அலையில படகுல எறங்கித்தான் கரைக்கு வரணும். புயல் வந்தா ஒதுங்க எடமில்லே. திருகோணமலைக்கு ஓடிடணும்..." அவர் முடிக்கும்போது சட்டை மடித்து அலமாரிக்குள் போயிருக்கும்.

கோபப்படுபவர் இல்லை. அவளை மறிக்கிறோம் என்று தெரிந்துதான் செய்தாரா என்பதுகூட எனக்குத் தெரியாது. மகன் நுழையக்கூடிய வாசல் எதுவானாலும் அங்கே கேப்டன் வந்து நின்றுவிடுவார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை படிக்கட்டில் அவள் என் பக்கத்தில் உட்கார்ந்தாள். என் மகள் அவள் கைப்பையின் ஜிப்பை இழுத்து இழுத்து விளையாடினாள்.

"எங்காத்துல ஒரு இடம் பாத்திருக்கா. கோயம்புத்தூர். அவருக்கும் ரெண்டாவதுதான். நல்ல மாதிரியா இருக்கார்" என்றாள்.

"உங்களுக்கு?"

"எனக்கும் இஷ்டந்தான். ஏன் பொய் சொல்லணும்? ஆனா என் ஆத்துக்காரருக்குக் காரியம் ஆகாம நான் எப்படிப் போறது? அப்பா வேண்டாம்னு சொல்லலை. சரின்னும் சொல்லலை. தேதியே தெரியாதவனுக்கு எந்தத் திதியில பண்றதுன்னு ஒரே ஒரு தடவை கேட்டார். அதுக்கப்புறம் வாயைத் திறந்தா கேப்டன் வந்துடறார்."

"நீங்களே முடிவு பண்ணிட்டா?"

"பண்ணலாம். அவர் அப்பாவைத் தாண்டிண்டு போகணும். அதான் முடியலை." ஜிப்பில் மாட்டியிருந்த என் மகளின் விரலை மெதுவாக விடுவித்தாள். "இவர் ஒருத்தருக்குத்தான் அவர் இன்னும் இருக்கார். நான் போயிட்டா அதுவும் போயிடும்னு நினைக்கறார் போல."

காபி சாப்பிடுகிறீர்களா என்று கேட்டேன்.

கேப்டனின் கதையில் மாமா திரும்பத் திரும்பச் சொல்வது ஒரே ஒரு பகுதியைத்தான். அவர் லெஃப்டினென்ட்டாக இருந்தபோது அவருடைய கப்பல் இந்துமகா சமுத்திரத்தில் பவளப்பாறையில் மோதி உடைந்தது. சிலர் மட்டும் ஒரு மணல்தீவில் ஒதுங்கினார்கள். ஆமை முட்டையும் மழைத் தண்ணீருமாக இருந்தவர்களைப் பிரெஞ்சுக்காரர்கள் பிடித்து மொரீஷியஸ் தீவில் சிறை வைத்தார்கள். ஊரில் எல்லோரும் இறந்துவிட்டதாக முடிவு செய்தாயிற்று. அதிகாரிகள் பட்டியலிலிருந்து பெயரை அடித்தாயிற்று. அவருடைய அம்மா சர்ச் சுவரில் மகன் பெயர் வெட்டிய கல்லைப் பதித்தாயிற்று. வருஷங்கள் கழித்து அவர் ஊருக்கு நடந்து வந்தார். சர்ச்சுக்குள் போய்த் தன் பெயரைத் தானே படித்துவிட்டு, வீட்டுக்கு வந்து கதவைத் தட்டினார்.

"கதவைத் தட்டினார்" என்று சொல்லும்போது மாமா நாற்காலிக் கையில் இரண்டு முறை தட்டுவார்.

கப்பலை இழந்து திரும்பிய அதிகாரியைக் கடற்படையின் நீதிமன்றத்தில் நிறுத்துவார்களாம், குற்றமே செய்யாவிட்டாலும். அவருடைய வாளை மேசைமேல் வைத்திருப்பார்கள். தீர்ப்புக்குப் பிறகு அவரை உள்ளே கூப்பிடும்போது வாளின் கூர்முனை அவரைப் பார்த்து இருந்தால் குற்றவாளி. கேப்டன் உள்ளே வந்தபோது கைப்பிடி அவர் பக்கம் இருந்தது. இந்த இடத்துக்கு வந்ததும் மாமா எழுந்து போய்த் தண்ணீர் குடிப்பார். அதற்கு மேல் சொல்ல மாட்டார். கேப்டன் கடைசியில் என்ன ஆனார் என்று கேட்டால், "இருக்கார், இருக்கார்" என்பார்.

அந்த ஆவணி மாதம் என் கணவரிடமிருந்து செய்தி வருவது நின்றது. வழக்கமாக நெட் கிடைக்கும்போதெல்லாம் ஒரு வரியாவது போடுவார். ஒருநாள் இல்லை. மறுநாளும் இல்லை. அதற்கடுத்த நாட்களிலும் இல்லை. அலுவலகத்துக்கு ஃபோன் செய்தேன். கப்பலில் தகவல் தொடர்பு கருவி பழுது, கப்பல் சரியாகத்தான் போய்க்கொண்டிருக்கிறது என்றார்கள். திரையில் கப்பல் இருக்கும் இடம் தெரிகிறதாம். கப்பல் தெரிகிறது சரி, அதற்குள் அவர் இருக்கிறாரா என்று எந்தத் திரை காட்டும்? இதை அவர்களிடம் கேட்க வெட்கமாக இருந்தது. மாமியாரிடம் சொல்லவில்லை. சொன்னால் என்ன சொல்வார் என்று தெரியும். மாமா வீட்டுக்குப் போனதால்தானோ என்று எனக்கே ஒரு நிமிஷம் தோன்றியது. படித்தவள் இப்படி நினைக்கலாமா என்று என்னையே திட்டிக்கொண்டேன். திட்டியும் அந்த நினைப்பு போகவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் குழந்தையைத் தூக்கிக்கொண்டு அவர் வீட்டுக்கே போனேன். வேறு எங்கே போவது? கடலில் இருப்பவனிடமிருந்து செய்தி வராமல் இருப்பது எப்படி இருக்கும் என்று தெரிந்த வீடு அது ஒன்றுதான்.

மாமா என்னைப் பார்த்ததும் எழுந்துவிட்டார். சொன்னேன். சொல்லும்போதே அழுகை வந்துவிட்டது. குழந்தை என் முகத்தைப் பார்த்து அழத் தயாரானது.

"உக்காரு, உக்காரு. இதெல்லாம் சகஜம். நம்ம கேப்டன் விஷயத்துலயே பாரு. எத்தனை வருஷம் தகவலே இல்லே? எல்லாரும் போயிட்டார்னே முடிவு பண்ணிட்டா. அவம்மா கல்லே வெட்டிட்டா. கடைசில என்னாச்சு? நடந்து வந்தார். கதவைத்..."

"அப்பா."

மருமகள் சமையலறை வாசலில் நின்றாள். கைகளில் கோதுமை மாவு.

"அவகிட்ட அந்தக் கதையைச் சொல்லாதீங்கோ."

மாமாவின் கை நாற்காலிக் கைக்கு மேலே அப்படியே நின்றது.

"எனக்கும் இதைத்தான் சொன்னேள். செய்தி வந்த அன்னிக்கே சொன்னேள். நானும் கேட்டேன். எத்தனை வருஷமாச்சு? கேட் சத்தம் கேட்டா இன்னும் வாசலைப் பாக்கறேன்ப்பா." அவள் குரலை உயர்த்தவில்லை. "அவ ஆத்துக்காரருக்கு ஒண்ணும் ஆகியிருக்காது. கருவி ரிப்பேர், அவ்வளவுதான். அவளுக்கு இந்தக் கதை வேண்டாம்."

"சமாதானமாத்தானேம்மா சொன்னேன்..."

"யாரோ ஒரு வெள்ளைக்காரருக்கு மாசாமாசம் எள்ளும் ஜலமும் விடறேள். எனக்குத் தெரியும். உங்க பிள்ளைக்கு ஒரு கை உண்டா?"

அப்போதே எழுந்து போயிருக்க வேண்டும். ஆனால் குழந்தை என் மடியிலிருந்து எட்டி மாமாவின் மூக்குக் கண்ணாடியைக் கழற்றிப் பிடித்துக்கொண்டிருந்தது. அவரும் அதைப் பிடுங்கவில்லை. கண்ணாடி இல்லாத அவர் முகத்தை அன்றுதான் பார்த்தேன்.

தெருவில் ஒரு கோலமாவுக்காரர் கூவிக்கொண்டு போனார்.

"கேப்டன் திரும்பவும் போனார்" என்றார் மாமா. என்னிடம் சொல்கிறாரா அவளிடமா என்று தெரியவில்லை. "ரொம்ப நாள் அரைச் சம்பளத்துல உக்காந்தப்புறம் ஒரு சின்னக் கப்பல் கொடுத்தா. நம்ம பக்கந்தான். திருகோணமலைலேர்ந்து கிளம்பினார். அவ்வளவுதான். அதுக்கப்புறம் அந்தக் கப்பலை யாரும் பாக்கலை. ஒரு பலகைகூடக் கிடைக்கலை."

மருமகள் மாவுக் கையோடு தரையில் உட்கார்ந்தாள்.

"கடற்படைக்காரா தேடினா. காத்துண்டிருந்தா. கப்பலோட சம்பளக் கணக்கை மூடாம வெச்சிருந்தா. மூடலேன்னா கப்பல் இன்னும் ஓடிண்டிருக்குன்னு அர்த்தம். எல்லாரும் உயிரோட இருக்கான்னு அர்த்தம். ஆனா ஊர்ல அவா பொண்டாட்டிகள்லாம்..." நிறுத்தினார். "அவாளால எதுவும் பண்ண முடியலை. அழவும் முடியலை. கடைசில லண்டன்ல ஒரு குமாஸ்தா ஒரு தேதியைக் குறிச்சான். அன்னியோட கப்பல் இல்லைன்னு. அன்னிக்குத்தான் முழுகினதா? அவனுக்கு எப்படித் தெரியும்? என்னை மாதிரி ஒரு கணக்குப் பிரிவு ஆசாமி. யாராவது ஒருத்தர் ஒரு நாளைச் சொல்லணுமேன்னு சொன்னான்."

குழந்தையிடமிருந்து கண்ணாடியை மெதுவாக வாங்கி வேட்டி நுனியில் துடைத்தார். போட்டுக்கொள்ளவில்லை.

"தேதி தெரியலேன்னா அந்த மாசத்து அமாவாசையை எடுத்துக்கலாம்னு வாத்தியார் அப்பவே சொன்னார். நான்தான் கேக்காத மாதிரி இருந்துட்டேன்." பிறகு, "அவன் போனது ஐப்பசில. ஐப்பசி அமாவாசைன்னு வெச்சுப்போமா?" என்று அவளைக் கேட்டார்.

அவள் தலையை ஆட்டினாள். நான் குழந்தையைத் தூக்கிக்கொண்டு எழுந்தேன்.

மறுநாள் காலையில் என் கணவரின் செய்தி வந்தது. கருவி பழுதுதான். 'பாப்பாவுக்கு அந்தப் பல்லு வந்துருச்சா?' என்று கேட்டிருந்தார். குளியலறையில் தண்ணீரைத் திறந்துவிட்டு அழுதேன். அதை மாமாவிடம் எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. சந்தோஷத்தோடு அந்த வீட்டு வாசலில் போய் நிற்பது சரியா? சொல்லாமல் இருப்பது சரியா? கடைசியில் அவரே படியில் நின்று, "வந்துதா?" என்றார். "வந்துருச்சு மாமா." "நல்லது" என்று சொல்லிவிட்டுக் காய் வாங்கப் போனார்.

ஐப்பசியில் காரியம் நடந்தது. உடல் கிடைக்காதவர்களுக்குத் தர்ப்பைப் புல்லால் ஓர் உருவம் செய்து அதைத்தான் எரிப்பார்கள் என்று எதிர்வீட்டு அம்மா சொன்னார். காவிரிக் கரையில் நடந்ததை நான் பார்க்கவில்லை. மாமா திரும்பி வந்தபோது அவரோடு வந்தவர்கள் இரண்டே பேர். படி ஏறும்போது கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு ஏறினார்.

காரியங்களின் கடைசி நாள் சாப்பாட்டுக்கு மாமா என்னைக் கூப்பிட்டார். "குழந்தையையும் கூட்டிண்டு வா" என்றார். மாமியாரிடம் சொன்னேன், இந்த முறை சொல்லிவிட்டே போகலாம் என்று. "கருமாதி வீட்டுக்கா?" என்றார். "ஆமாங்கத்த, போயிட்டு வந்து குளிச்சிக்கிறேன்" என்றேன். பிறகு, "பாப்பாவுக்கு ஸ்வெட்டர் போட்டு விடு, மழ பெய்யுது" என்றார்.

வீட்டில் அதிகம் பேர் இல்லை. சமைக்க வந்தவர் காய்களைப் பரப்பி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மாமாவைப் பார்த்து, "போன பிள்ளைக்குப் பிடிச்சதா ஒண்ணு ரெண்டு பண்ணிடலாம். என்ன பிடிக்கும், சொல்லுங்கோ" என்றார்.

மாமா வாயைத் திறந்தார். பழக்கத்தில் வேறு ஏதோ வந்துவிடும் என்று நான் பயந்தேன். வரவில்லை. எதுவுமே வரவில்லை. விரலால் தரையில் கோடு போட்டார்.

"சேனைக்கிழங்கு வறுவல்" என்றார் கடைசியில். "அதுன்னா ஒரு பிடி கூடச் சாப்பிடுவான். சின்ன வயசுல."

"வறுவலா? இல்லேப்பா" என்றாள் மருமகள். "எங்கிட்ட அதை வேண்டாம்னுட்டார். தொண்டை அரிக்கறதுன்னார்."

"அரிக்கறதுன்னானா? எங்கிட்ட சொன்னதே இல்லியே."

"அம்மா ஆசையாப் பண்றான்னு பேசாம சாப்பிட்டாராம். கப்பலுக்குப் போனப்புறம்தான் நிறுத்தினாராம்."

சமையல்காரர் கையில் எடுத்த சேனையை எங்கே வைப்பது என்று தெரியாமல் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார்.

"அப்போ என்னதான் பிடிக்கும் அவனுக்கு?" என்று கேட்டார் மாமா.

அவள் சொல்ல வாயெடுத்தாள். உடனே நிறுத்திவிட்டு அவர் முகத்தைப் பார்த்தாள், நடுவில் அவர் ஏதாவது சொல்வார் என்று காத்திருப்பவளைப் போல. மாமா சமையலறை வாசலில் சுவரில் சாய்ந்து, கால்களை நீட்டிக்கொண்டு உட்கார்ந்தார்.

"சொல்லு" என்றார். "எனக்கு வேற வேலை இல்லே."